வெஸ் மாண்ட்கோமரி எல்பி: வாங்கலாமான்னு கேட்டவனுக்கு

'தி இன்க்ரெடிபிள் ஜாஸ் கிட்டார் ஆஃப் வெஸ் மாண்ட்கோமரி' எல்பி, அதாவது அந்த ஜாஸ் கிட்டார்காரரோட வினைல் இசைத்தட்டு, விலை குறைஞ்சிருக்கு, வாங்கட்டுமாடான்னு ஃப்ரெண்ட் ஒருத்தன் மெசேஜ் போட்டிருந்தான். வருஷக்கணக்கா வெச்சு கேட்டுட்டு இருக்கேன், அதனால சொல்றேன், என் ஷெல்ஃப்ல என்னை அதிகமா கடுப்பேத்துற ரெக்கார்ட் இதுதான்.

வாசிப்புல ஒரு குறையும் இல்ல. தட்டோட நடு ஓட்டை நடுவுல இல்ல, அதான் பிரச்சனை. என்கிட்ட இருக்கிறது பின்னாடி மறுபடி அச்சடிச்சு வந்த ரீஇஷ்யூ, யார் போட்டதுன்னு வேணாம் விடுங்க. சுத்தும்போது டோன்ஆர்ம், அதான் ஊசியத் தாங்குற கை, உள்ளயும் வெளியயும் ஆடுறது கண்ணுக்கே தெரியுது. முதல் பாட்டு சோனி ராலின்ஸோட 'ஏரஜின்', அது ஓடுற ஓட்டத்துல ஒண்ணும் தெரியாது. மூணாவதா 'போல்கா டாட்ஸ் அண்ட் மூன்பீம்ஸ்' வரும் பாருங்க, அங்கதான் வயித்தெரிச்சல். மெதுவான பேலட், டாமி ஃபிளானகன் பியானோல ஒரு கார்டை, அதாவது சேர்ந்து ஒலிக்கிற சில ஸ்வரங்களை, வெச்சா அது அசையாம நிக்கணும், ஆனா 1.8 செகண்டுக்கு ஒரு சுத்து, சுத்துக்கு ஒரு தடவை ஸ்ருதி லேசா ஏறி இறங்குது, ஊசி உள்பக்கம் போகப்போக இன்னும் மோசம். ஒருவாட்டி காதுல விழுந்துடுச்சுன்னா அப்புறம் பாட்டையா கேப்பீங்க? ஆட்டத்தத்தான் எண்ணிட்டு இருப்பீங்க. ஓட்டையை அரத்தால தேச்சு பெருசாக்கி கையாலயே சென்டர் பண்ணிக்கலாம்னு சொல்றவங்க இருக்காங்க, எனக்கு கை வரல.

சைடு பி-ய திருப்பிப் போட்டதும் எல்லா கோவமும் போயிடும், அதையும் சொல்லணும்ல. 'வெஸ்ட் கோஸ்ட் ப்ளூஸ்' வெஸ்ஸே போட்ட ட்யூன், வெளி ஓரத்துல இருக்கிறதால ஆட்டமும் கம்மி. மூணு எண்ணிக்கைல போற ப்ளூஸ், சோலோ ஒத்தை ஒத்தை நோட்டா ஆரம்பிச்சு, ஆக்டேவுக்கு (ஒரே ஸ்வரத்தை மேல், கீழ் ஸ்தாயில சேத்து வாசிக்கிறது) மாறி, கடைசில முழு கார்டா நிரம்புது. மனுஷன் கம்பிய மீட்டுற பிக்கே வெச்சுக்கல, வெறும் கட்டைவிரல். ஆக்டேவ் வாசிக்கும்போது ரெண்டு கம்பிக்கு நடுவுல இருக்கிற கம்பி சத்தம் போடாம இடது கை விரலாலயே அடக்கணும், அதை இவர் அந்த ஸ்பீட்ல பண்றார், ஒரு கீச்சு கூட இல்ல. பின்னாடி பேஸ், டிரம்ஸ் ரெண்டும் ஹீத் அண்ணன் தம்பிங்க, பெர்சியும் ஆல்பர்ட்டும், துருத்தாம பிடிச்சு நிக்கிறாங்க. எட்டு பாட்டுல நாலு வெஸ்ஸோட சொந்தம், இதெல்லாம் 1960 ஜனவரில நியூயார்க்ல ரெண்டே நாள் செஷன்ல முடிச்சது! அறுபது வருஷம் கழிச்சு ஒரு ஓட்டையை நடுவுல போட முடியல இந்த ரீஇஷ்யூ போட்டவங்களால.

அதனால என் தீர்ப்பு, எல்பியா வாங்காத. அஞ்சுக்கு ரெண்டு. ஸ்ட்ரீமிங்ல ஸ்ருதி நிக்குது, அதுல கேளு. இல்ல வாங்கித்தான் தீருவேன்னா ரிட்டர்ன் எடுப்பாங்களான்னு பாத்துட்டு வாங்கு, வந்த அன்னைக்கே மூணாவது பாட்டுல ஊசிய வெச்சு ஆர்மைப் பாரு. என்னோடத தள்ளுபடில குடுப்பியான்னு மட்டும் கேக்காத, தரமாட்டேன்.