ராத்திரி ஒரு மணிக்கு அமெரிக்கக் காலேஜ் ஃபுட்பால்: காதால் கேட்க எது தேறும்?

அவசரத்தில் இருப்பவர்களுக்காக முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். வேலூரில் உட்கார்ந்துகொண்டு அமெரிக்கக் காலேஜ் ஃபுட்பால் கமெண்ட்ரி கேட்பதற்குக் காசு கட்ட வேண்டிய அவசியமே இல்லை. உங்கள் வீட்டுப் பிள்ளை எந்தப் பல்கலைக்கழகத்தில் படிக்கிறதோ, அதன் விளையாட்டுத் துறைத் தளத்துக்குப் போய் அட்டவணையைத் திறந்தால் ஆட்டத்தின் பக்கத்திலேயே பெரும்பாலும் ஒரு ஹெட்போன் படம் இருக்கும், அதைத் தட்டினால் போதும். மற்றதெல்லாம் சுற்றி வளைத்து மூக்கைத் தொடுகிற வேலை.

அக்கா மகன் ஒஹையோ ஸ்டேட்டில் எம்.எஸ். படிக்கிறான். காட்பாடிப் பக்கம் விசாரித்தால் தெருவுக்கு ஒரு பிள்ளையாவது இப்படி எங்கேயோ இருக்கிறது. அவனிடம் போன் பேசினால் "சாப்டியாப்பா, குளிரா" என்பதற்கு மேல் எனக்குப் பேச்சு ஓடாது. அதற்காக ஆரம்பித்தது, இப்போது அவனைவிட எனக்குத்தான் பைத்தியம் அதிகம். நம்மூர் கால்பந்து இல்லை இது, நீள்வட்டப் பந்தைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடுகிற ஆட்டம். நாலு முயற்சிக்குள் பத்து கெஜம் முன்னேற வேண்டும், முன்னேறினால் மறுபடி நாலு, கடைசிவரை போய்விட்டால் ஆறு பாயிண்ட், அதுதான் டச்டவுன். இவ்வளவு தெரிந்தால் கேட்க ஆரம்பித்துவிடலாம், மீதி தானாக வரும்.

முதல் சிக்கல் நேரம்தான். ஆட்டங்கள் பெரும்பாலும் அவர்களுடைய சனிக்கிழமை. கிழக்குக் கரை நேரப்படி பகல் 12 மணி ஆட்டம் நமக்குச் சனி இரவு 9:30. அது சொர்க்கம். மதியம் 3:30 ஆட்டம் நமக்கு இரவு 1 மணி, அதுதான் ஆளைக் கொல்கிறது. மாலை 7:30 ஆட்டம் ஞாயிறு காலை 5 மணி. இதோடு முடிந்ததா என்றால் இல்லை: நவம்பர் முதல் ஞாயிறு அவர்கள் கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னால் தள்ளிவிடுவார்கள், நாம் தள்ள மாட்டோம், அதனால் அதற்கப்புறம் எல்லாமே நமக்கு ஒரு மணி நேரம் தாமதமாக வரும். ஒன்பதரைக்கு இயர்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தால் ஏதோ கார் விளம்பரம்தான் ஓடிக்கொண்டிருக்கும். ஒரு ஆட்டம் சுமார் மூன்றரை மணி நேரம் இழுக்கும் என்பதையும் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள். கால்மணி வீதம் நாலு பகுதி, கூட்டினால் ஒரு மணி நேரம்தானே என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

சரி, எது தேறாது என்று பார்ப்போம். சிரியஸ்எக்ஸ்எம் பற்றி அங்கே இருக்கிறவர்கள் ஆஹா ஓஹோ என்பார்கள், இரண்டு அணிகளின் கமெண்ட்ரியும் தனித்தனிச் சேனலில் வரும் என்பார்கள். உண்மைதான், ஆனால் அது வட அமெரிக்காவுக்கான சந்தா சேவை, அதன் சாட்டிலைட் சிக்னல் சத்துவாச்சாரி மொட்டை மாடிக்கு வராது. ஐஹார்ட் ரேடியோ என்ற இணைய ரேடியோ ஆப்பும் இந்தியாவுக்கு இல்லை. ட்யூன்இன் ஆப்பில் உலகத்து ஸ்டேஷன் எல்லாம் குவிந்து கிடக்கிறது, தேடுவதும் சுலபம், ஆனால் ஸ்டேஷன் பெயர் இருக்கிறது என்பதற்காக ஆட்டமும் வரும் என்று நினைத்துவிடக் கூடாது. ஒலிபரப்பு உரிமை வேறு யாரிடமோ இருந்தால் இணையத்தில் மட்டும் ஆட்டத்தை மறைத்துவிட்டு வேறு நிகழ்ச்சியைப் போடுகிற வழக்கம் அங்கே உண்டு. ஒரு ஸ்டேஷனில் எனக்கு இப்படித்தான் நடந்தது, அர்த்த ராத்திரியில் ஆட்டத்துக்குப் பதிலாக ஒருவர் புல்தரைக்கு உரம் போடுவது எப்படி என்று விளக்கிக்கொண்டிருந்தார். நன்றாகத்தான் விளக்கினார், அதைச் சொல்லியாக வேண்டும்.

தேறுவது, மேலே சொன்ன பல்கலைத் தளம். ஒவ்வொன்றாகத் தேட அலுப்பாக இருந்தால் லியர்ஃபீல்டு என்ற நிறுவனம் 2021இல் கொண்டுவந்த வார்சிட்டி நெட்வொர்க் என்ற ஆப் இருக்கிறது. நிறையப் பல்கலைகளின் ஒலிபரப்பை ஒரே இடத்தில் இலவசமாகத் தொகுத்துத் தருகிறது. உங்கள் அணி அதில் இருக்கிறதா என்று வெள்ளிக்கிழமையே பார்த்து வைத்துக்கொள்ளுங்கள், ஆட்டம் ஆரம்பித்த பிறகு தேடினால் முதல் கால்மணி போய்விடும்.

இதில் எனக்குப் பிடித்த விஷயம், அங்கே பேசுகிறவர் நடுநிலை வேஷம் போட மாட்டார். அந்த ஊர்க்காரர், அந்த அணிக்காரர், பாதிப் பேர் பல வருடமாக அதே நாற்காலியில் உட்கார்ந்திருப்பவர்கள். அலபாமாவுக்கு எலி கோல்டு என்பவர் 1988 முதல் முப்பது வருடத்துக்கும் மேல் பேசினார். வேலையும் சுத்தம்: ஒவ்வொரு முறை பந்து வைக்கும்போதும் எத்தனையாவது முயற்சி, எத்தனை கெஜம் பாக்கி, பந்து எந்தக் கோட்டில், எந்த அணி இடமிருந்து வலமாகப் போகிறது, பந்தை எறிகிறவனுக்கு இரு பக்கமும் யார் நிற்கிறார்கள், எல்லாம் ஒரே மூச்சில் வந்துவிடும், அப்புறம்தான் ஆட்டம். கண்ணை மூடினால் மைதானம் தெரியும். அப்துல் ஜப்பாரின் தமிழ்க் கிரிக்கெட் வர்ணனையை டிரான்சிஸ்டரில் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இந்தச் சுகத்தை விளக்க வேண்டியதில்லை. இப்போது டி.வி.யில் பேசுகிறவர்கள் படத்தை நம்பி வேறு கதை பேசப் போய்விடுகிறார்கள், ரேடியோக்காரருக்கு அந்தச் சலுகை கிடையாது.

2024 நவம்பர் 30 ஒஹையோ ஸ்டேட் - மிச்சிகன் ஆட்டத்தைச் சொல்கிறேன். அவர்களுக்குப் பகல் 12, நமக்கு இரவு 10:30. மைதானத்தில் ஒரு லட்சம் பேருக்கு மேல். பத்துக்குப் பத்து என்று நின்றுகொண்டிருந்த ஆட்டத்தில் 45 வினாடி பாக்கி இருக்கும்போது மிச்சிகன்காரன் ஃபீல்டு கோல் (பந்தைக் கம்பங்களுக்கு நடுவே உதைத்தால் மூன்று பாயிண்ட்) உதைத்தான், 13-10. டி.வி.யில் பார்த்திருந்தால் பந்து கம்பத்துக்குள் போனது தெரிந்திருக்கும், அவ்வளவுதான். காதில் கேட்டதோ வேறு: சொந்த மண்ணில் தோற்கிறபோது அவ்வளவு பெரிய கூட்டம் சட்டென்று சுருதி இறங்குகிறதே, அந்த சத்தம். முடிந்ததும் மிச்சிகன்காரர்கள் மைதான நடுவில் கொடி நடப் போய்க் கைகலப்பு, போலீஸ் பெப்பர் ஸ்ப்ரே அடித்தது எல்லாம் நடந்தது. காலையில் பையனுக்குப் போன் போட்டேன், "மாமா, அதைப் பத்தி மட்டும் பேசாதீங்க" என்றான். (அதே அணிதான் ஜனவரியில் நோட்ரே டேமை 34-23 என்று அடித்து தேசியச் சாம்பியன் ஆனது. அப்போது அவனே கூப்பிட்டான்.)

டேட்டா விஷயத்தில் கவலையே வேண்டாம். 64 கேபிபிஎஸ் ஒலி மணிக்கு 29 எம்.பி. தான் இழுக்கும், முழு ஆட்டமும் சுமார் 100 எம்.பி. 128 என்றாலும் சுமார் 200 எம்.பி.யில் முடியும். கரண்ட் போய் வைஃபை படுத்துவிட்டாலும் மொபைல் டேட்டாவிலேயே ஓட்டிவிடலாம். ஒரே எரிச்சல், தாமதம். இணைய ஒலி நிஜ ஆட்டத்துக்கு அரை நிமிடம், சில சமயம் ஒரு நிமிடத்துக்கும் மேல் பின்தங்கி வருகிறது. இங்கே கமெண்ட்ரியில் பந்தை இன்னும் எறியவே இல்லை, அதற்குள் வாட்ஸ்அப்பில் "டச்டவுன் மாமா!!!" என்று வந்து நிற்கும். ஆட்டம் முடியும்வரை அவனை மியூட்டில் போடுவதைத் தவிர வேறு வழியில்லை, பாசத்தைப் பார்த்தால் ஆகாது.

ஞாயிறு அதிகாலை ஆட்டம் எனக்கு ரொம்பத் தோதானது. ஒரு காதில் மட்டும் இயர்போன், கடைசிக் கால்மணி சரியாகக் கறிக்கடை வரிசையில் நிற்கும்போது வரும். "அரைக் கிலோ, நெஞ்செலும்பு போடுங்க" என்று சொல்லிக்கொண்டே நாலாவது முயற்சியில் இரண்டு கெஜம் கிடைக்குமா என்று கேட்டிருக்கிறேன். கடைக்காரர் இரண்டு தடவை "என்னண்ணே?" என்றார். விலை கொடுத்து இயர்போன் வாங்க வேண்டாம், லாங் பஜாரில் கிடைக்கிற சாதாரண வயர் போட்டதே போதும், புளூடூத் என்றால் மூன்றாவது பகுதியில் சார்ஜ் தீர்ந்துவிடும்.

மாணவர் ரேடியோக்களையும் விட்டுவிடாதீர்கள். ரட்கர்ஸ் பல்கலையில் டபிள்யூ.ஆர்.எஸ்.யூ. 88.7 என்று ஒன்று இருக்கிறது, அந்த அணியின் ஆட்டத்துக்கு மாணவர்களே பேசுகிறார்கள். குரலில் பயிற்சி குறைவு, உயிர் அதிகம். காலேஜ் ஃபுட்பாலின் முதல் ஆட்டமே 1869 நவம்பர் 6 அன்று ரட்கர்ஸ் மண்ணில்தான் நடந்தது, பிரின்ஸ்டனை 6-4 என்று ஜெயித்தார்கள். அந்தக் கல்லூரியைத் தொடங்கிய டச்சு சீர்திருத்த சபைதான் பிற்பாடு இங்கே ஆற்காடு மிஷனையும் நடத்தியது, நம் ஊரிசு கல்லூரி அதன் வழி வந்தது. ஆக வேலூர்க்காரன் அணி தேடிக்கொண்டிருந்தால் ரட்கர்ஸைப் பிடித்துக்கொள்ள ஒரு நியாயம் இருக்கிறது. அடிக்கடி தோற்பார்கள், அதற்கு நான் பொறுப்பில்லை.

கடைசியாக ஒன்று: ஆட்டம் முடிந்ததும் அணைத்துவிடாதீர்கள். பல ஊர்களில் அதற்கப்புறம் ரசிகர்கள் போன் போட்டுப் பேசுகிற நிகழ்ச்சி வரும். ஜெயித்த அன்று சப்பென்று இருக்கும். தோற்ற அன்று கேளுங்கள், கோச்சை வேலையை விட்டே தூக்க வேண்டும் என்று ஒருவர் ஆரம்பிப்பார், அடுத்தவர் அவரையே திட்டுவார், மூன்றாமவர் தன் தாத்தா காலத்து அணியைப் பற்றிச் சொல்ல ஆரம்பிப்பதற்குள் விளம்பரம் போட்டுவிடுவார்கள்.