நாலு நாள்ல மெட்டீரியல் எல்லாம் ஃபார்ம் பண்ணித் தாறேன்னு சொல்றவன்ட்ட அக்கவுண்ட்ட கொடுத்துராதீங்க மக்களே

ஜென்ஷின் இம்பாக்ட்ங்குற ஆன்லைன் கேம் வெளையாடுறவங்க, முக்கியமா நம்ம கன்னியாகுமரி மாவட்டத்துப் பிள்ளைங்க, இத முழுசா வாசிச்சிருங்க. கேரக்டர ஏத்துறதுக்கு வேண்டிய புக்கு, பெரிய எதிரிய அடிச்சா விழுற பாஸ் டிராப், பூவு எல்லாம் நாலு நாள்ல ஃபார்ம் பண்ணி, அதாவது நமக்குப் பதிலா வெளையாடிச் சேத்து, தாறேன்னு ஒருத்தன் வாய்ஸ் அனுப்பிட்டு இருக்கான். நான் 1,500 ரூவா கொடுத்தேன். அக்கவுண்ட் போகல, சொன்ன மெட்டீரியலும் பேக்ல வந்து கெடந்துச்சு, ஆனா அவன் அத எதுல இருந்து எடுத்தான்னு ரெண்டு நாள் கழிச்சுதான் எனக்குத் தெரிஞ்சுது.

நான் குலசேகரம் பக்கம். வேலை மார்த்தாண்டத்துல ஒரு டிடிபி கடையில, காலையில 9 மணிக்கு போனா பஸ் புடிச்சு வீடு வந்து சேர ராத்திரி 9 தாண்டிரும். இந்த ஐப்பசி மழையில எங்க பக்கம் கரண்டும் நிக்கல நெட்டும் நிக்கல. ஹூ டாவோங்குற கேரக்டர் கேம்ல மறுபடி ரீரன் வந்தப்ப எடுத்தேன், ரெண்டு வருஷமா காத்துக் கெடந்த கேரக்டர் ஆக்கும். எப்படியோ லெவல் 70 வர கொண்டு வந்துட்டேன், அதுக்கு மேல நவரல.

எனக்கு தேவைப்பட்டது என்னன்னு கணக்கோட சொல்லிருதேன், ஏன்னா அந்த கணக்குலதான் அவன் புடிபட்டான். 70ல இருந்து ரெண்டு அசென்ஷன் (லெவல் வரம்ப ஒசத்துறது), ஒண்ணுக்கு 45 சில்க் ஃபிளவர், அடுத்ததுக்கு 60, ஆக 105 பூவு. ஜூவனைல் ஜேட்ங்குற பாஸ் டிராப் 12ம் 20ம் சேத்து 32. அதுபோக ஸ்கில், பர்ஸ்ட்னு ரெண்டு டேலண்ட்டும் 6ல நிக்குது, 9க்கு கொண்டு போக ஒவ்வொண்ணுக்கும் தங்க நிற டிலிஜென்ஸ் புக் 22, ரெண்டுக்கும் 44. புக்கு கெடைக்கிற டொமைன்ல ஒரு ரன்னுக்கு 20 ரெசின் (நேரம் போகப் போக தானா ஊறுற எனர்ஜி), பச்சை புக்கு நீல புக்கு எல்லாத்தையும் மூணுக்கு ஒண்ணா கிராஃப்ட் பண்ணி மாத்துனாலும் எனக்கு ஒரு ரன்னுக்கு ஒரு தங்க புக்குக்கு கொஞ்சம் மேலதான் தேறும், அப்ப 40 ரன்னு, 800 ரெசின். ஜேட் பாஸுக்கு ஒரு தடவைக்கு 40 ரெசின், ரெண்டோ மூணோதான் விழும், 13 தடவை அடிச்சாதான் 32 வரும், அது ஒரு 520. மொத்தம் 1,300க்கு மேல. ரெசின் 8 நிமிஷத்துக்கு ஒண்ணு, ஒரு நாள் முழுக்க 180 தான் ஊறும், 200ல நின்னுரும். ஒரு துளி வீணாக்காம வெளையாடுனாலே ஏழு நாளுக்கு மேல, அதுலயும் டிலிஜென்ஸ் டொமைன் அப்ப செவ்வா வெள்ளி ஞாயிறு மட்டுந்தான் திறந்துச்சு. என்னைய மாதிரி ராத்திரி வந்து உக்காருறவனுக்கு மூணு வாரம்.

இந்த நெலமையிலதான் ஒரு குரூப்புல பைலட்டிங் (நம்ம அக்கவுண்ட்ல நமக்காக அவன் வெளையாடுறது) பண்ணித் தாறேன்னு இவன் வந்தான். இங்கிலீஷ்ல டைப் பண்ணிருந்தா ஒருவேளை நான் கண்டுக்காம போயிருப்பேன். வாய்ஸ்ல பேசுனான், "மக்கா, நம்ம நாரோயில் காரனாக்கும், வடசேரிதான் வீடு, ஒண்ணும் பேடிக்காண்டாம், நாலு நாள்ல முடிச்சு கையில தாறேன்" அப்படின்னான். அந்தப் பேச்சக் கேட்டதும் நமக்கு ஒரு இது வந்துருது பாத்துக்கிடுங்க, எங்க மாமா மவன் பேசுற மாதிரியே இருந்துச்சு. வடசேரியில நெஜமாவே வீடு இருக்கா, இல்ல ஒவ்வொருத்தன் ஊரையும் கேட்டுட்டு அதுக்குத் தக்கன பேசுறானான்னு எனக்கு இப்பவும் தெரியாது. யூபிஐல பணத்தப் போட்டேன், மெயில் ஐடி பாஸ்வேர்டு கொடுத்தேன், புது டிவைஸ்னு வந்த ஓடிபியவும் வாசிச்சு சொன்னேன்.

கொடுத்தது வியாழக்கெழம ராத்திரி. திங்கக்கெழம காலையில "முடிஞ்சு மக்கா, பாரு" ன்னு ஸ்கிரீன்ஷாட் அனுப்பினான். எல்லாம் இருந்துச்சு, டேலண்ட் 9, 9, லெவல் 80 தாண்டி அசென்ட் ஆயிருந்துச்சு. சந்தோஷத்துல கடையில கூட இருக்க அக்காவுக்கு சாயாவும் பழம்பொரியும் வாங்கிக் கொடுத்தேன். கேம் காசான ப்ரிமோஜெம் எவ்வளவு இருக்குன்னு பாக்கணும்னே தோணல.

அன்னைக்கு ராத்திரி எனக்கு கேம்லயே ஃபிரண்டா இருக்க ஒரு கொளச்சல்காரப் பையன் கூப்பிட்டான், ரொம்ப வருத்தமா பேசுனான். "அண்ணே, சனிக்கெழம என் வேர்ல்டுக்கு வந்து லியுவே ஹார்பர்லயும் வாங்ஷு இன்லயும் நின்ன சில்க் ஃபிளவர் அம்புட்டையும் பறிச்சிட்டுப் போயிட்டியளே, ஒரு வார்த்த கேட்டுருக்கலாம்லா, நானும் அந்தக் கேரக்டர்தான் ஏத்துறேன், சாட்ல கேட்டா பதிலும் இல்ல" ன்னான். பூவு பறிச்சா திரும்ப மொளைக்க ரெண்டு நாள் ஆவும், வேற ஒருத்தர் வேர்ல்டுல போய் பறிச்சா அது அவங்க பங்கு, கேட்டுட்டுதான் தொடணும், எல்லாரும் கடைப்பிடிக்கிற மரியாதை அது. என் பேர வச்சு கண்டவன் போய் அந்தப் பையன்ட்ட கொள்ளையடிச்சிருக்கான். நான் மன்னிப்பு கேட்டேன், நடந்தத சொன்னேன், அவன்தான் "அண்ணே, ரெசின் ரெக்கார்ட பாத்தியளா" ன்னு கேட்டான்.

மெனுவுல ஃபீட்பேக் உள்ள போனா நம்ம அக்கவுண்ட்டோட ரெசின், ப்ரிமோஜெம், ஆர்ட்டிஃபாக்ட் (கேரக்டருக்கு பலம் கூட்ட மாட்டி விடுற சாமான்) வரவு செலவு எல்லாம் தேதி நேரத்தோட பாக்கலாம், நெறய பேருக்கு இது இருக்குன்னே தெரியாது. தொறந்து பாத்தேன். வியாழன் சனி ரெண்டு நாளும் ரெசின் பக்கம் அவன் கையே வைக்கல, பூவு மட்டும் பறிச்சிட்டு போயிருக்கான். வெள்ளிக்கெழமயும் ஞாயித்துக்கெழமயும் ஒரே மூச்சா உக்காந்து அடிச்சிருக்கான். ரெண்டு நாளும் ஆறாறு தடவை என் ப்ரிமோஜெம்ம போட்டு ரெசின் ரீஃபில் பண்ணிருக்கான். மொத தடவை 50, அப்புறம் 100, 100, 150, 200, 200, ஒரு நாளைக்கு 800, ரெண்டு நாளைக்கு 1,600. கையில இருந்த ஃபிரஜைல் ரெசின் (ரெசின் ஏத்திக்கிட வச்சிருக்க சாமான்) மூணும் காலி. 2025 ஜனவரி 1ஆம் தேதி 5.3 அப்டேட்ல மவுயிகாங்குற புது கேரக்டர் வருவான்னு நான் ஒவ்வொண்ணா சேத்து வச்சது. 1,600ன்னா 10 விஷ், அதாவது கேரக்டருக்கு 10 குலுக்கல். கேம்ல தெனம் தாற சின்ன வேலை, டெய்லி கமிஷன், நாலும் முடிச்சா ஒரு நாளைக்கு 60 தான் கெடைக்கும், ஏறக்குறைய 27 நாள் நான் வேலை முடிஞ்சு வந்து தூக்கம் முழிச்சு, ராத்திரி 1:30க்கு ரீசெட் ஆகுறதுக்கு முன்னால அவசர அவசரமா முடிச்சு சேத்த காசு அது. அத எடுத்து எனக்கே செலவு பண்ணிட்டு அதுக்கு என்ட்ட 1,500 கூலியும் வாங்கிருக்கான். ப்ரிமோஜெம் போட்டு ரீஃபில் பண்ணணும்னா எனக்குப் பண்ணத் தெரியாதா?

இதோட நிக்கல. "ஃப்ரீயா பில்டும் செஞ்சு தாறேன் மக்கா" ன்னு சொல்லிருந்தான். ஆர்ட்டிஃபாக்ட் லெவல் ஏத்த என் பேக்ல பூட்டு போடாம கெடந்த அஞ்சு ஸ்டார் எல்லாத்தையும் தீனியா போட்டுட்டான். அதுல ஒரு பைரோ கோப்லெட் (தீ சக்தி கூட்டுற ஆர்ட்டிஃபாக்ட்) இருந்துச்சு, க்ரிட் ரேட் க்ரிட் டேமேஜ்னு நல்ல சப்ஸ்டாட் (கூட வாற பலன்) ரெண்டும் உள்ளது. கோப்லெட்ல பைரோ மெயின் ஸ்டாட் விழ 5 சதவீதந்தான் வாய்ப்பு, அதுலயும் நல்ல சப்ஸ்டாட்டோட விழணும். ப்ரிமோஜெம்ம மறுபடி சேத்துக்கிடலாம். அந்த கோப்லெட் எனக்கு இனி எப்ப விழும்னு யாரு சொல்ல முடியும், அத நெனச்சாதான் நெஞ்சு வலிக்கி.

அவன்ட்டயே கேட்டேன். மொதல்ல "ரீஃபில் இல்லாம நாலு நாள்ல எங்ஙன மக்கா முடியும், உனக்கே தெரியும்லா" ன்னான். சொல்லாம ஏன் எடுத்தன்னு கேட்டா ரீஃபில் சார்ஜ் தனி, இன்னும் 700 ரூவா போடுன்னு பேச்சு மாறுச்சு. நான் முடியாதுன்னேன். அஞ்சு நிமிஷத்துல எனக்கு மெயில்ல ஒரு ஓடிபி வந்துச்சு, அவன் கூப்பிட்டு "லாகவுட் பண்ண அந்த நம்பர் வேணும், சொல்லு" ன்னான். மெயில நல்லா வாசிச்சேன், அது லாகவுட்டுக்கு இல்ல, அக்கவுண்ட்டோட லிங்க் ஆன மெயில் ஐடிய மாத்துறதுக்கு. மொத ஓடிபி வந்தப்ப மாதிரி வாசிக்காம சொல்லிருந்தேன்னா அன்னைக்கே நாலு வருஷ அக்கவுண்ட் அவன் கைக்கு போயிருக்கும். லாகவுட்டுக்கு ஓடிபியே கெடையாது, எவன் அப்படி கேட்டாலும் சொல்லிராதீங்க.

ஒடனே பாஸ்வேர்டு மாத்தினேன், மெயில் பாஸ்வேர்டும் மாத்தினேன், அக்கவுண்ட் பக்கத்துல டிவைஸ் மேனேஜ்மென்ட்ல போய் பாத்தா எனக்கு தெரியாத போன் ஒண்ணு நின்னுச்சு, அத நீக்கினேன். யாராவது ஏற்கனவே கொடுத்திருந்தா இந்த வரிசையிலயே செய்ங்க. பணத்துக்கு சைபர் கிரைம் ஹெல்ப்லைன் 1930ல கூப்பிட்டு புகார் கொடுத்தேன், யூபிஐ டிரான்சாக்ஷன் நம்பரும் அவன் வாய்ஸ் எல்லாமும் வச்சிருக்கேன், புகார் நம்பர் வந்திருக்கு, பணம் வரல. கேம் கம்பெனிட்ட போய் போன சாமான கேக்க எனக்கு வழி இல்ல, அக்கவுண்ட்ட இன்னொருத்தர்ட்ட கொடுக்கக் கூடாதுன்னு அவங்க விதியிலயே இருக்கு, நான்தான் என் கையால கொடுத்தேன்.

இந்த மழையில அப்பாவுக்கு ரப்பர் வெட்டு பாதி நாள் கெடையாது, அப்ப வீட்டுல 1,500 ரூவா எவ்வளவு பெரிய காசுன்னு ரப்பர் உள்ள வீட்டுப் பிள்ளைங்களுக்கு தெரியும். அம்மாட்ட இன்னும் சொல்லல.

அவன் பேரு, நம்பர் இங்க போடல, தெனம் ஒரு பேருல வாறான். அடையாளம் வேணும்னா இதுதான்: டீபி இருக்காது, மொத மெசேஜே வாய்ஸ்ல வரும், உங்க ஊர் எதுன்னு கேப்பான், நாலு நாள்னு சொல்லுவான். யாரு சொன்னாலும் உங்களுக்கு வேண்டிய மெட்டீரியல ரெசினா மாத்தி 180ஆல வகுத்துப் பாருங்க, அவன் சொல்ற நாள் அதவிட கொறவா இருந்தா மீதி உங்க பைல இருந்துதான் போகுது.

அந்தக் கொளச்சல் பையனுக்கும் போன வாரம் இதே குரல்ல மெசேஜ் வந்திருக்கு, பையன்ட்ட தன் வீடு கொளச்சல்னே சொல்லிருக்கான் அந்த ஆளு. பையன் ஐடி பாஸ்வேர்டு அனுப்பிட்டானாம், ஓடிபி மட்டுந்தான் பாக்கி. இத டைப் பண்ணிட்டு இருக்கும்போதுதான் "பாஸ்வேர்டு மாத்திட்டேன் அண்ணே" ன்னு அனுப்பிருக்கான்.