ஐகோர்ட் மதுரைக் கிளையில் போலீஸ் பாதுகாப்பு: கடைக்காரருக்கு எவ்வளவு உதவும்?

கீழமாசி வீதி மொத்தக் கடையோ, புறநகர் மில்லோ, தகராறில் லாரியை மறித்தால் பலரும் உடனே ஓடுவது ஒத்தக்கடைப் பக்கம் உள்ள ஐகோர்ட் கிளைக்குத்தான். அரசியல் சட்டத்தின் 226-வது பிரிவில், போலீஸ் பாதுகாப்பு தர உத்தரவிடக் கேட்டு ரிட் மனு போடலாம். வேகத்தில் குறையில்லை. கிடைக்கும் உத்தரவில்தான் விஷயம் இருக்கிறது.

முதலில் ஸ்டேஷனில் புகார் கொடுத்து, அதைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது வாங்குங்கள். நகருக்குள் என்றால் கமிஷனருக்கும், வெளியே என்றால் எஸ்.பி.க்கும் மனு அனுப்பி, போய்ச் சேர்ந்த அத்தாட்சியை வையுங்கள். இது இல்லாமல் போனால் கோர்ட்டில் ரிட் மனு நிற்பது கஷ்டம். "மிரட்டுகிறார்கள்" என்று மொட்டையாக எழுதினால் எடுபடாது. தேதி, நேரம், மறித்த வண்டி எண், சிசிடிவி பதிவு எல்லாம் வேண்டும். எதிர்த்தரப்பையும் மனுவில் சேர்க்க வேண்டும். விட்டுவிட்டால் அங்கேயே இடறும்.

பலருக்கு வருவது, போலீசில் கொடுத்த "மனுவைப் பரிசீலியுங்கள்" என்று போலீசுக்குச் சொல்லும் உத்தரவுதான். அது பாதுகாப்பு இல்லை. இன்ஸ்பெக்டர் பரிசீலித்து நிராகரிக்கவும் செய்யலாம். வாசலில் காவலர் நிற்கச் சொன்னாலும், செலவு பெரும்பாலும் உங்கள் தலையில்தான்.

வாடகை, பங்கு, பாத்தியதைச் சண்டை என்றால் இந்த வழி வீண். சிவில் கோர்ட்டில் தடையுத்தரவு வாங்கி, அதை மீறினால் அங்கேயே போலீஸ் உதவி கேட்பதுதான் உறுதி. தொழிற்சங்கப் போராட்டத்திலும் அமைதியான கோஷத்தை நிறுத்தச் சொல்லிக் கேட்காதீர்கள். சரக்கு, ஆட்கள் போய்வர வழி மட்டும் கேளுங்கள், கிடைக்க வாய்ப்பு அதிகம்.