பழைய செட்டிநாட்டு வீட்டுத் தரை: ஆத்தங்குடிக் கல்லா, விட்ரிஃபைட் டைல்ஸா?

காரைக்குடிப் பக்கம் தாத்தா காலத்து வீட்டைப் பழுது பார்ப்பவர்கள் பலரும் குழம்பி நிற்பது தரையில்தான்.

செய்முறை: ஆத்தங்குடிக் கல் என்பது காரைக்குடி அருகே ஆத்தங்குடியில் கையால் செய்யும் சிமெண்ட் தரைக்கல்; சூளை காணாதது. கண்ணாடித் தகட்டின் மேல் அச்சு வைத்து, வண்ணக் கலவையைக் கையால் ஊற்றி, மேலே மணலும் சிமெண்டும் சேர்த்து, அப்புறம் தண்ணீரில் ஊறப்போடுவார்கள். அந்தப் பளபளப்பு கண்ணாடி கொடுத்தது. விட்ரிஃபைட், ஆலையில் சுமார் 1,200 டிகிரியில் சுட்டது.

பராமரிப்பு: ஆத்தங்குடி நடக்க நடக்க மெருகேறும். எப்போதாவது தேங்காய் எண்ணெய் தொட்டுத் துடைத்தால் போதும். ஆனால் எலுமிச்சைச் சாறோ ஆசிட்டோ பட்டால் கறைதான். விட்ரிஃபைடுக்கு அந்தப் பயமில்லை. நீர் உறிஞ்சுவது 0.5 சதவீதத்துக்கும் கீழே.

பதிப்பது: ஆத்தங்குடிக்குக் கை பழகிய கொத்தனார் வேண்டும், கூலியும் கூடும். டைல்ஸுக்கு எந்த ஊரிலும் ஆள் உண்டு.

முகப்பு, பட்டாலை (உயர்ந்த கூடம்), வளவை (நடு முற்றத்தை)ச் சுற்றிய நடை எல்லாம் ஆத்தங்குடிக்கே. பர்மா தேக்குத் தூணுக்கு அடியில் விட்ரிஃபைட் என்றால் பட்டு வேட்டிக்கு ஸ்போர்ட்ஸ் ஷூ போட்ட மாதிரி இருக்கும். அடுப்படி, குளியலறைக்கு மட்டும் வழுக்காத ரக டைல்ஸ் சரி.