ஸ்வீடனில் குற்றம் கூடுகிறதா, குறைகிறதா? எந்தக் கணக்கை எதற்கு நம்பலாம்

2024இல் ஸ்வீடனில் கொலைகள் முந்தைய ஆண்டைவிட ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு குறைந்தன. அதே ஆண்டு காவல்துறையில் பதிவான குற்றங்கள் வழக்கம்போல 15 லட்சத்தை ஒட்டியே இருந்தன. குண்டுவெடிப்புகள் 129 என்றது ஒரு செய்தி, 317 என்றது இன்னொன்று. இவற்றில் எதுவும் பொய்யில்லை. ஒரு கோடியே ஆறு லட்சம் பேர் வாழும் இந்த நாட்டைப் பற்றி நடக்கும் வாக்குவாதங்களில் பெரும்பாலானவை, ஆளுக்கொரு கணக்கைக் கையில் வைத்துக்கொண்டு ஒரே விஷயத்தைப் பேசுவதாக நினைத்துக்கொள்வதால் வருபவை. கையில் கிடைக்கும் கணக்குகளை ஒன்றோடொன்று வைத்துப் பார்த்தால், எது எந்தக் கேள்விக்கு விடை சொல்லும் என்பது தெரிந்துவிடும்.

காவல்துறைப் பதிவு: எளிதில் கிடைப்பது, எளிதில் ஏமாற்றுவது

ஸ்வீடனின் அதிகாரபூர்வக் குற்றப் புள்ளிவிவரங்களை 1994 முதல் வெளியிடுவது குற்றத் தடுப்பு மன்றம். அந்நாட்டவர் அதைச் சுருக்கமாக ‘ப்ரோ’ என்பார்கள். பதிவான குற்றங்களின் முதற்கட்டக் கணக்கு ஆண்டின் தொடக்கத்திலும் இறுதிக் கணக்கு மார்ச் கடைசி வாக்கிலும் வரும். இரண்டும் சிறிதளவு வேறுபடும். போன ஆண்டின் இறுதிக் கணக்கோடு இந்த ஆண்டின் முதற்கட்டக் கணக்கை ஒப்பிட்டால் இல்லாத சரிவு ஒன்று தென்படக்கூடும்.

ஆனால் அது சின்னச் சிக்கல்தான். பெரிய சிக்கல் எண்ணும் முறையில் இருக்கிறது. ஸ்வீடனில் புகார் வந்த கணமே குற்றம் கணக்கில் ஏறிவிடும். விசாரணையில் அது குற்றமே இல்லை என்று தெரியவந்தாலும் பதிவான எண்ணிலிருந்து நீங்காது. ஒரே நிகழ்வில் மூன்று குற்றங்கள் நடந்தால் மூன்றும் எண்ணப்படும். இந்தியாவின் தேசியக் குற்ற ஆவணக் காப்பகம் ஒரு வழக்கில் உள்ள ஆகக் கடுமையான குற்றத்தை மட்டும் எண்ணுகிறது. அந்த விதி ஸ்வீடனில் இல்லை. குற்ற முயற்சியும் பல வகைகளில் முடிந்த குற்றத்தோடு சேர்த்தே எண்ணப்படுகிறது. எந்த ஆண்டில் நடந்தது என்பது பார்க்கப்படுவதில்லை, எந்த ஆண்டில் புகார் வந்தது என்பதுதான் கணக்கு.

ஆகவே இந்த எண் ஏறினால் குற்றம் கூடியது என்று உடனே முடிவுகட்ட முடியாது. மக்கள் புகார் தருவது கூடியிருக்கலாம், சட்டம் விரிந்திருக்கலாம், காவலர்கள் தேடிப் பிடிப்பது கூடியிருக்கலாம். போதைப்பொருள் வழக்குகளே இதற்குச் சரியான சான்று. போதைப்பொருளை உட்கொள்வதே 1988 முதல் அங்கே குற்றம். 1993 முதல், சந்தேகம் இருந்தால் சிறுநீர், ரத்தப் பரிசோதனைக்கு உட்படுத்தும் அதிகாரமும் காவல்துறைக்கு வந்தது. ஒரு பகுதிக்குக் கூடுதலாகக் காவலர்களை அனுப்பினால் அங்கே போதைப்பொருள் குற்ற எண் ஏறும். அந்த எண் காட்டுவது காவல்துறையின் உழைப்பை. பழக்கம் எவ்வளவு பரவியிருக்கிறது என்பதை அதிலிருந்து படிக்க முடியாது.

மோசடிக் கணக்கையும் இதே கவனத்தோடு படிக்க வேண்டும். தொலைபேசியில் வங்கி அலுவலர் போலப் பேசி, முதியவர்களை ‘பேங்க்ஐடி’ என்ற மின்னணு அடையாளச் செயலியில் ஒப்புதல் தரவைத்துப் பணம் பறிக்கும் ஒரு கும்பல் 300 பேரை ஏமாற்றினால் அது 300 குற்றங்கள். ஒரு பெரிய வழக்கு ஒரு காலாண்டின் வரைபடக் கோட்டையே மேலே தூக்கிவிடும்.

அப்படியானால் பதிவுக் கணக்கு எதற்கும் உதவாதா? உதவும். வாகனத் திருட்டு, வீடு புகுந்து திருடுதல் இரண்டுக்கும் அது நல்ல அளவுகோல். காப்பீட்டுத் தொகை பெற வேண்டுமானால் காவல்துறைப் புகார் தேவை. அதனால் பறிகொடுத்தவர்கள் தவறாமல் புகார் தருகிறார்கள். சாவியில்லாமல் எஞ்சினை உயிர்ப்பிக்க விடாத மின்னணுப் பூட்டு பரவிய பிறகு கார் திருட்டு பெரிதும் வீழ்ந்தது இந்தக் கணக்கில் தெளிவாகத் தெரியும். வீடு புகுந்து திருடுவதும் 2010களின் நடுப்பகுதியைவிட வெகுவாகக் குறைந்திருக்கிறது. ‘ஸ்வீடனில் எல்லாம் மோசமாகிவிட்டது’ என்பவர்கள் இந்த இரண்டையும் பார்ப்பதே இல்லை.

பாலியல் வல்லுறவு எண்: நாடுகளை ஒப்பிடவே கூடாத இடம்

‘உலகிலேயே அதிகம்’ என்று சமூக ஊடகங்களில் சுற்றும் பட்டியல்களில் ஸ்வீடன் மேலே நிற்பதற்கு முதற்காரணம் எண்ணும் முறை. ஒரு பெண், கணவர் ஓராண்டாக வாரந்தோறும் தன்னை வல்லுறவுக்கு உள்ளாக்கினார் என்று புகார் தந்தால், தனித்தனியே குறிப்பிட முடிகிற ஒவ்வொரு முறையும் ஒரு குற்றம். 50க்கு மேல் ஏறும். பல நாடுகளில் அது ஒன்றே ஒன்று. திருமண உறவுக்குள் நடக்கும் வல்லுறவை ஸ்வீடன் 1965இலேயே குற்றமாக்கிவிட்டது. இந்தியச் சட்டத்தில் அது இன்றும் விதிவிலக்கு. இந்த இரு நாட்டு எண்களையும் வகுத்து ‘இத்தனை மடங்கு’ என்று சொல்வதில் பொருளே இல்லை.

சட்டமும் அடுத்தடுத்து விரிந்தது. 2005இல் வரையறை அகலமானது. 2013இல், அச்சத்தால் உறைந்துபோய் எதிர்க்காமல் இருந்தவர்களின் நிலையும் உள்ளே வந்தது. 2018 ஜூலை 1 முதல் விருப்பத்துடனான சம்மதம் இல்லாத உறவே வல்லுறவு. அலட்சியத்தால் நேரும் வல்லுறவு என்ற தனிக் குற்றமும் சேர்ந்தது. 2022 ஆகஸ்ட் 1இல் குழந்தைகளுக்கு எதிரான பாலியல் குற்றச் சட்டம் மாறி, இணையவழியில் தொலைவிலிருந்து செய்யவைக்கும் செயல்களையும் தெளிவாக உள்ளடக்கியது. இந்தத் தேதிகளின் இரு பக்கமும் உள்ள எண்களை ஒரே கோடாக இழுத்தால் கோடு பொய் சொல்லும். ஜெர்மனியின் வரையறையையும் எண்ணும் முறையையும் ஸ்வீடன் பதிவுகளுக்குப் பொருத்திப் பார்த்த ப்ரோவின் ஆய்வு ஒன்று 2020இல் வந்தது. ஒரு லட்சம் பேருக்கு 64 என்றிருந்த எண் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்காகச் சுருங்கியது.

இதனால் அங்கே பிரச்சினை இல்லை என்று ஆகிவிடாது. மக்களிடமே கேட்ட கணக்கைப் பாருங்கள்: பாலியல் குற்றத்துக்கு உள்ளானதாகச் சொன்னவர்கள் 2010களின் நடுவில் வேகமாகக் கூடி, 2017இல் 6.4 சதவீதத்தைத் தொட்டார்கள். அந்த ஏற்றம் உண்மையானது, வேதனையானது, பெரும்பகுதி இளம்பெண்களைச் சார்ந்தது. ஆனால் அதற்குப் பிறகு இந்தச் சதவீதம் இறங்கியபோது, காவல்துறையின் வல்லுறவுப் பதிவு தொடர்ந்து ஏறி 2020இல் 9,000ஐத் தாண்டியது. இரண்டும் எதிரெதிர்த் திசையில் போயின. இந்த விஷயத்தில் போக்கை அறிய மக்களிடம் கேட்ட கணக்கே மேல்.

மக்களிடம் கேட்கும் கணக்கெடுப்பு

தேசியப் பாதுகாப்புக் கணக்கெடுப்பு, சுருக்கமாக என்.டி.யூ., 2006 முதல் நடக்கிறது. புகார் தந்தாலும் தராவிட்டாலும், நடந்ததைக் கேட்டு எழுதிக்கொள்வதே அதன் பலம். 16 முதல் 84 வயது வரையிலான 2 லட்சம் பேருக்குக் கேள்வித்தாள் போகிறது. பொதுவாக ஐந்தில் ஒருவர், கடந்த ஆண்டில் மிரட்டல், தாக்குதல், கொள்ளை, மோசடி, பாலியல் குற்றம், தொந்தரவு போன்றவற்றில் ஏதாவது ஒன்றுக்கு ஆளானதாகச் சொல்கிறார்.

இதில் வழுக்கும் இடங்கள் மூன்று. முதலாவது ஆண்டுக் குழப்பம்: ‘2023ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பு’ சொல்வது 2022இல் நடந்ததை. செய்தித்தாள்கள் இதை அடிக்கடி தவறவிடுகின்றன. இரண்டாவது முறை மாற்றம்: 2016 வரை பெரும்பாலும் தொலைபேசியில் கேட்டார்கள், 2017 முதல் அஞ்சலிலும் இணையத்திலும். முகம் தெரியாத குரலிடம் சொல்லத் தயங்கியதை மக்கள் தாளில் எழுதினார்கள். பழைய அறிக்கையின் எண்ணையும் புதிய அறிக்கையின் எண்ணையும் நேராக ஒப்பிட்டால் பெரும் பாய்ச்சல் தெரியும். புதிய அறிக்கைகளில் மறுகணக்கிட்டுத் தரப்படும் தொடரையே எடுக்க வேண்டும்.

மூன்றாவதுதான் எனக்குக் கவலை தருவது. பதில் அனுப்புபவர்கள் பாதிக்கும் குறைவு. வீடற்றவர்கள், போதைக்கு அடிமையானவர்கள், கும்பலுக்குள் இருக்கும் இளைஞர்கள் ஆகியோர் இந்தக் கேள்வித்தாளை நிரப்பி அனுப்புவார்கள் என்று எதிர்பார்க்க முடியாது; கடும் வன்முறை குவிந்திருப்பதோ அவர்களிடையேதான். 16 வயதுக்குக் கீழே இருப்பவர்கள் இதில் இல்லவே இல்லை. கும்பல்கள் இப்போது ஆள் சேர்ப்பது அந்த வயதிலும்தான். பொதுமக்களின் அன்றாட வாழ்வை அளக்க என்.டி.யூ.வைவிடச் சிறந்த கருவி இல்லை, கும்பல் வன்முறையை அளக்க அதைவிட மோசமான கருவியும் இல்லை.

உறுதிசெய்யப்பட்ட கொலைகள்

காவல்துறையில் முதலில் ‘கொலை’ என்று பதிவாவதில் தற்கொலை, விபத்து, வெளிநாட்டில் நடந்த சம்பவம் எல்லாம் கலந்திருக்கும். அதனால்தான் ப்ரோ ஒவ்வொரு வழக்கையும் சரிபார்த்து, உறுதியான கொலைகளைத் தனியே வெளியிடுகிறது. மரணத்தில் முடிந்த தாக்குதலும் இதில் சேரும். ஸ்வீடனைப் பற்றி ஒரே ஒரு தொடரைத்தான் பார்க்க முடியும் என்றால், இதைத்தான் பார்க்கச் சொல்வேன். உயிரிழப்பை மறைப்பதும் கடினம், வரையறையை வளைப்பதும் கடினம்.

| ஆண்டு | மொத்தக் கொலைகள் | துப்பாக்கியால் | பிற வழிகளில் |
|---|---|---|---|
| 2017 | 113 | 40 | 73 |
| 2018 | 108 | 43 | 65 |
| 2019 | 111 | 45 | 66 |
| 2020 | 124 | 48 | 76 |
| 2021 | 113 | 45 | 68 |
| 2022 | 116 | 63 | 53 |
| 2023 | 121 | 53 | 68 |
| 2024 | 92 | 45 | 47 |

மொத்தத்தை மட்டும் பார்த்தால் 2017 முதல் 2023 வரை பெரிதாக ஒன்றும் நடக்கவில்லை என்று தோன்றும். ‘துப்பாக்கியால்’ என்ற நெடுவரிசையைப் பாருங்கள். 2011இல் நடந்த 81 கொலைகளில் துப்பாக்கியால் நடந்தவை 17; 2022இல் 116இல் 63, அதாவது பாதிக்கு மேல். கத்திக்குத்தும் குடும்பத்துக்குள் நடக்கும் கொலையும் முன்னிருந்த இடத்தை இழக்க, அந்த இடத்தைக் கும்பல் துப்பாக்கி பிடித்தது. பின்லாந்தோடு ஒப்பிட்டால் வேறுபாடு இன்னும் துலங்கும். அங்கே கொலை விகிதம் நெடுங்காலமாகவே மற்ற நார்டிக் நாடுகளைவிட அதிகம். ஆனால் அது பெரும்பாலும் குடிபோதையில், அறிமுகமான நடுவயது ஆண்களுக்கிடையே, வீட்டுக்குள் கத்தியால் நடப்பது. விகிதம் ஒத்துப்போனாலும் நோய் வேறு. பின்லாந்துக்குப் பொருந்தும் மருந்து ஸ்வீடனுக்குப் பொருந்தாது.

இந்தத் தொடரின் பலவீனம், எண் சிறியது. நூற்றை ஒட்டிய ஆண்டுக் கணக்கு தற்செயலாகவே பத்து வரை ஏறி இறங்கும் (எண்ணின் வர்க்கமூலத்தை எடுத்துக்கொண்டால் போதும்). 113 என்பது 116 ஆனதற்குக் காரணம் தேடுவது வீண். 121இலிருந்து 92க்கு வந்தது வேறு: இரு ஆண்டுகளுக்கிடையே எதிர்பார்க்கக்கூடிய தற்செயல் வேறுபாடு சுமார் 15, நடந்ததோ 29. கவனிக்கத்தக்க வீழ்ச்சி, ஆனாலும் அதன்மேல் கொள்கை கட்ட இன்னும் இரண்டு மூன்று ஆண்டுகள் வேண்டும். ஒற்றை நிகழ்வும் எண்ணை உலுக்கும். 2017 ஏப்ரல் 7 அன்று ஸ்டாக்ஹோமில் கூட்டத்துக்குள் லாரி புகுந்த தாக்குதலில் ஐவர் இறந்தார்கள். 2025 பிப்ரவரி 4 அன்று ஓரெப்ரோ நகரின் வயதுவந்தோர் கல்வி வளாகத்தில் பத்துப் பேர் சுட்டுக்கொல்லப்பட்டார்கள். இவை கும்பல் மோதலைப் பற்றி எதுவும் சொல்பவை அல்ல.

துப்பாக்கிச்சூடும் குண்டுவெடிப்பும்

கும்பல் வன்முறைக்கு விரைவான அளவுகோல் காவல்துறை தனியே வைத்திருக்கும் துப்பாக்கிச்சூட்டுக் கணக்கு. தோட்டாவோ வெற்றுறையோ காயமோ கிடைத்திருக்க வேண்டும், அல்லது ஒன்றுக்கு மேற்பட்ட நேரடிச் சாட்சிகள் இருக்க வேண்டும். அப்போதுதான் உறுதியான சூடு. சாவு வராத முயற்சியையும் இது பிடிப்பதால், கொலைக் கணக்கைவிட எண் பெரிது, தற்செயல் ஆட்டம் குறைவு. 2022இல் 391 சம்பவங்கள், 62 சாவு. 2024இல் 296 சம்பவங்கள், 44 சாவு. ப்ரோவின் எண்ணோடு ஒன்றிரண்டு வேறுபடுவது பிழையல்ல. இரு அமைப்புகளும் வெவ்வேறு வரையறையில் எண்ணுகின்றன.

ஐரோப்பிய நாடுகளோடு ஸ்வீடனை ஒப்பிட்ட ப்ரோவின் 2021 ஆய்வு கண்டது இது: பத்து லட்சம் பேருக்குத் துப்பாக்கிச் சாவு ஸ்வீடனில் சுமார் 4, ஐரோப்பியச் சராசரி 1.6. மற்ற நாடுகளில் இறங்குமுகமாக இருந்த காலத்தில் ஸ்வீடன் மட்டும் ஏறியது. வல்லுறவுப் பட்டியலைப் போல எண்ணும் முறையைக் காட்டி இதைத் தள்ளிவிட முடியாது. சவக்கிடங்கில் கிடப்பவரை எந்த நாடும் இரண்டு முறை எண்ணாது. ஸ்வீடனைத் தற்காத்துப் பேச விரும்புபவர்கள் இந்த எண்ணை ஏற்றுக்கொண்டே பேச வேண்டும்.

குண்டுவெடிப்பில்தான் அதிகக் குழப்பம். முயற்சி, தயாரிப்பு எல்லாம் சேர்த்தால் 2024இல் 317. உண்மையில் வெடித்தவை 129. 2023இல் வெடித்தவை 149. 149க்குப் பக்கத்தில் 317ஐ வைத்து ‘இரு மடங்கு’ என்று எழுதினார்கள். வெடித்ததை வெடித்ததோடு ஒப்பிட்டால் 149லிருந்து 129க்கு இறக்கம். தலைப்பு எழுதுமுன் கேட்க வேண்டிய கேள்வி, இரண்டு எண்களும் அட்டவணையின் ஒரே நெடுவரிசையிலிருந்து எடுத்தவையா என்பது.

மருத்துவமனைப் பதிவு

வன்முறைக் காயத்துக்காக உள்நோயாளியாகச் சேர்ந்தவர்களின் கணக்கு, சட்ட மாற்றமும் புகார் மனப்பான்மையும் தொடாத சாட்சி. ஆனால் தாமதமாக வரும். படுக்கைகள் குறைந்து, வெளிநோயாளியாகவே சிகிச்சை தருவது கூடினால் வன்முறை குறையாமலேயே எண் குறையும். மற்றொரு கணக்கைச் சரிபார்க்க மட்டும் பயன்படுத்தலாம்.

ஊர்வாரியாகப் பார்க்கும்போது

‘நான் குடியேறப்போகும் ஊர் எப்படி?’ என்று கேட்பவர்களுக்கு 290 நகராட்சிகளின் எண்ணும் இணையத்தில் கிடைக்கும். ஒரு லட்சம் பேருக்கு இத்தனை என்ற விகிதத்தில் வகுக்கும் எண் அங்கே குடியிருப்பவர்கள் மட்டுமே. ஸ்டாக்ஹோம் மையத்தின் நார்மால்ம் பகுதிக்கு வேலைக்கும் கடைக்கும் இரவுக் கேளிக்கைக்கும் தினமும் வந்துபோகும் கூட்டம் வகுத்தியில் இல்லை. அவர்கள் பறிகொடுத்த பணப்பைகள் மட்டும் மேலே எண்ணப்படுகின்றன. சின்ன நகராட்சியில் ஒரே மோசடி வழக்கு ஆண்டு விகிதத்தைத் தலைகீழாக்கும். ஐந்தாண்டுச் சராசரி எடுத்து, மோசடியையும் போதைப்பொருளையும் கழித்து, வீடு புகுந்த திருட்டையும் தாக்குதலையும் மட்டும் பாருங்கள். பெரிய நகராட்சியானால் என்.டி.யூ.வின் உள்ளூர் முடிவுகளையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளலாம்.