கோமாரி ஊசி கேட்டால் எது வரும்? எச்.எஸ். எண்ணெய்த் தடுப்பூசி பற்றி

கிண்ணியாப் பக்கம் பட்டி வைத்திருக்கிறவர் மிருக வைத்தியருக்கு ஃபோன் எடுக்கிறார். “டொக்டர், கோமாரி ஊசி வந்திட்டா?” பதில் உடனே வராது. “எதைக் கேக்கிறீங்க காக்கா? வாய்ப் புண்ணுக்கா, தொண்டை வீக்கத்துக்கா?” இந்தக் கேள்வியைக் கேட்காமல் “ஓம், வந்திருக்கு” என்று சொல்லிவிட்டால் அந்தப் பட்டிக்கு வேறு நோயின் ஊசி போய்ச் சேரலாம். இங்கே பார்க்கப் போவது தொண்டை வீக்கத்துக்கான ஊசி. ஹெமரேஜிக் செப்டிசீமியா என்பதை எச்.எஸ். என்று சுருக்கிச் சொல்லும் தொண்டை அடைப்பானுக்குப் போடும் எண்ணெய்த் தடுப்பூசி. மருந்து நல்ல மருந்து. திருகோணமலை மாவட்டத்தில் எருமை வைத்திருக்கும் யாரும் அதை விடக்கூடாது. சிக்கல் எல்லாம் பெயரிலும், கையாளும் விதத்திலும்தான்.

முதலில் பெயர். கோ என்றால் மாடு, மாரி என்றால் கொள்ளைநோய். அம்மை போட்டால் மாரியம்மனுக்கு நேர்த்தி வைக்கிறோமே, அதே மாரி. சொல்லை மட்டும் பார்த்தால் மாட்டைக் கூட்டம் கூட்டமாக விழுத்தும் எந்த நோய்க்கும் அது பொருந்தும். தமிழ்நாட்டில் இன்று கால்நடைத் துறை கோமாரி என்று எழுதினால் அது வாயிலும் குளம்பிடையிலும் கொப்புளம் போடும் நோய் ஒன்றைத்தான் குறிக்கும். அதையே நாம் கால் வாய் நோய் என்கிறோம். நடுவில் இடைவெளி விட மறந்தால் கந்தளாய்க் குளத்துக் கால்வாய்க்கு வந்த வருத்தம் போல ஆகிவிடும், அது வேறு கதை. இந்தியத் தமிழ் வீடியோக்களைப் பார்த்துவிட்டு இங்கே கோமாரி என்று கேட்கிறவர்கள் கூடி வருகிறார்கள். பொத்துவில் போகிற வழியில் கோமாரி என்று ஓர் ஊரும் இருப்பதால், “கோமாரி மாடு” என்றால் ஊரா, நோயா என்ற மயக்கமும் சேர்ந்துகொள்கிறது.

உண்மையான மாட்டுக் கொள்ளைநோய்க்குத் தமிழில் இருந்த சொல் வெக்கை. சூடு, புழுக்கம் என்பதுதான் அதன் முதற்பொருள். மேல் நெருப்பாய்க் கொதிக்கும், கண்ணும் மூக்கும் ஒழுகும், வாய்க்குள் தோல் உரியும், பிறகு நாற்றத்தோடு பீய்ச்சி அடிக்கும் கழிச்சல். நோய் தெரியாத மந்தைக்குள் புகுந்தால் நூற்றுக்கு எண்பது, தொண்ணூறு வரை விழும். ஜெர்மன்காரன் மாடு, கொள்ளைநோய் என்ற இரண்டு சொல்லையும் அப்படியே ஒட்டி ரின்டர்பெஸ்ட் என்றான். உலகம் முழுக்க அந்தப் பெயரே நின்றது. தமிழ் மட்டும் மாட்டைத் தொட்டுப் பார்த்துப் பெயர் வைத்திருக்கிறது. கையில் உறைக்கும் அந்தச் சூடுதான் வெக்கை. எங்கள் கணிப்பில் ஜெர்மன் சொல்லைவிட இதுவே திறமான பெயர்.

இந்த வெக்கைக்கும் நம் பிள்ளைகளுக்கு வரும் சின்னமுத்துக்கும் வைரஸ் ஒரே குடும்பம். வோல்ட்டர் ப்ளோரைட் என்ற ஆங்கில மிருக வைத்திய விஞ்ஞானி கென்யாவில் உருவாக்கிய தடுப்பூசி ஒரே ஊசியில் ஆயுள் முழுக்கக் காத்தது. அதைக் கொண்டே நோயை விரட்டி, 2011இல் உலகிலிருந்து அது ஒழிந்தது என்று அறிவித்தார்கள். மனிதப் பெரியம்மைக்குப் பிறகு முற்றாக ஒழிந்த இரண்டாவது நோய் இதுதான். இலங்கைக்கு அது கடைசியாக வந்த வழியும் தெரிந்ததே. நாற்பது வருடத்துக்கு மேல் இல்லாதிருந்த நோய் 1987இல் இந்திய அமைதிப் படையின் சாப்பாட்டுக்காகக் கொண்டுவந்த ஆடுகளோடு இறங்கியது. ஆட்டில் பெரிதாகத் தெரியாது, மாட்டில்தான் ஆடும். ஆகவே இன்றைக்கு “கொள்ளைநோய்க்கு ஊசி இருக்கு” என்று யாராவது விற்க வந்தால், எந்தக் கொள்ளைநோய் என்று கேளுங்கள். வெக்கைக்கு இப்போது பட்டியில் ஊசி போடுவதே இல்லை.

அடுத்த பொறி அடைப்பான் என்ற சொல். தமிழ்நாட்டுப் புத்தகங்களில் வெறும் அடைப்பான் என்றால் அந்த்ராக்ஸ். தொண்டை அடைப்பான் என்றால்தான் எச்.எஸ். முன்சொல் ஒன்று விழுந்தால் நோயே மாறிவிடும். அந்த்ராக்ஸில் செத்த மாட்டின் மூக்கு, வாய், குதத்தால் உறையாத கறுத்த இரத்தம் வரும். அப்படிக் கண்டால் கத்தி வைக்கக்கூடாது, தோலும் உரிக்கக்கூடாது. எச்.எஸ். என்று நினைத்து அறுத்துப் பார்க்கிறவர் மண்ணையும் தன்னையும் சேர்த்துக் கெடுத்துக்கொள்வார். 2020இல் வடக்கில் முதலில் தெரிந்த தோல் கழலை நோயைச் சிலர் மாட்டுப் பெரியம்மை என்கிறார்கள். அதற்கு ஊசி தனி, கால் வாய் நோய்க்கும் தனி. ஒன்று இன்னொன்றைக் காக்காது.

இனி மருந்து. எச்.எஸ். ஒரு பக்டீரியா நோய். வைரஸ் அல்ல. அந்தக் கிருமியை வளர்த்து, ஃபோர்மலினால் கொன்று, எண்ணெயோடு கலந்து பால் போல வெள்ளையாகத் தருகிறார்கள். இலங்கையில் இதைச் செய்கிற இடம் பேராதனை, கன்னொறுவையிலுள்ள மிருக வைத்திய ஆராய்ச்சி நிலையம். படிகாரம் சேர்த்த பழைய வகை நாலு முதல் ஆறு மாதம் வரைதான் தாங்கும். எண்ணெய் வகையில் மருந்து உடம்புக்குள் கொஞ்சம் கொஞ்சமாக இறங்குவதால் ஒன்பது மாதம் முதல் ஒரு வருடம் வரை போகும். பட்டி மாட்டை வருடத்துக்கு இரண்டு தரம் சாய்த்துக் கட்டுவது எவ்வளவு பாடு என்று தெரிந்தவர்களுக்கு இந்த ஒரு வசதியே போதும்.

எண்ணெய் வகையில் வழமையான அளவு மாடொன்றுக்கு 3 மி.லீ., கழுத்துத் தசைக்குள் ஆழமாக. போத்தலில் வேறு அளவு எழுதியிருந்தால் அதுதான் சரி. 100 மி.லீ. போத்தலைக் கணக்குப் போட்டால் 33 மாடு வரும். நடைமுறையில் 30 என்று வையுங்கள். சிரிஞ்சில் காற்றுத் தள்ளும்போதும், மாடு உதறும்போதும் மீதி போய்விடும். நூறு தலைக்கு மூன்று போத்தல் எடுத்துப் போனால் கடைசிப் பத்து மாடு ஊசி இல்லாமல் நிற்கும், நாலு எடுங்கள். மருந்து தடிப்பு என்பதால் 16 கேஜ் ஊசி வேண்டும். மெல்லிய ஊசி போட்டால் தள்ளவே முடியாது, தள்ளினாலும் சிரிஞ்சிலிருந்து ஊசி கழன்று மருந்து முகத்தில் அடிக்கும். தோலுக்கடியில் நின்றுவிட்டால் கட்டி வரும். கொட்டைப்பாக்கு அளவு வீக்கம் சில நாள் இருப்பது வழமைதான். சூடாகி, மெதுமெதுப்பாகிச் சீழ் வைத்தால் பிழை ஊசியில், மருந்தில் அல்ல. ஒரே ஊசியால் முழுப் பட்டியையும் குத்துகிற பழக்கத்தின் கூலி அது.

கெட்டுப்போகும் இடம் குளிர். 2 முதல் 8 பாகை செல்சியஸ் வரை வைத்திருக்க வேண்டும், உறைய விடவே கூடாது. சூட்டைவிட உறைவதுதான் இதற்குப் பெரிய எதிரி. உறைந்தால் எண்ணெய் வேறு, தண்ணீர் வேறு என்று பிரிந்துவிடும், பிறகு எவ்வளவு குலுக்கினாலும் சேராது. திருகோணமலையில் இது நடக்கிற விதம் ஒன்று உண்டு. ரெஜிபோம் பெட்டிக்கு ஐஸ் மீன்காரரிடம் கையோடு கிடைக்கும். அதில் உப்பு பட்டிருந்தால் குளிர் பூச்சியத்துக்குக் கீழே இறங்கும். போத்தலை அதற்குள் புதைத்துக்கொண்டு மூதூருக்கோ வெருகலுக்கோ மோட்டார் சைக்கிளில் போய் இறங்கும்போது போத்தலின் அடியில் மருந்து கட்டிபட்டிருக்கும். சுத்தமான ஐஸை ஷொப்பிங் பேக்கில் கட்டி, நடுவில் கடதாசி மடித்து வைத்து, அதன் மேல் போத்தலை நிறுத்துங்கள். போத்தலைத் தூக்கி வெளிச்சத்தில் பாருங்கள். முழுக்க ஒரே வெள்ளையாய் இருந்தால் போடலாம். மேலோ கீழோ ஒரு பட்டை தெளிந்து நின்று, மெதுவாகப் புரட்டியும் கலக்காவிட்டால் வீசிவிடுங்கள். நுரை எழும்பக் குலுக்கத் தேவையில்லை. உறையாமல் குளிரில் தடித்த மருந்து, போத்தலைச் சற்று நேரம் உள்ளங்கையில் வைத்தால் இளகும். திறந்த போத்தல் அன்றைக்கே முடிய வேண்டும்.

எப்போது போடுவது என்பதில்தான் நம்மவர்கள் தோற்கிறார்கள். இங்கே மழை ஐப்பசி, கார்த்திகையில் இறங்கி மார்கழி கடந்தும் நிற்கும். வயல் விதைத்ததும் மாடு மேய்ச்சல் தரை தேடிச் சாய்க்கப்படும். நனைவு, நடை, பசி, நெருக்கம் எல்லாம் ஒன்றாய் வரும். தப்பிப் பிழைத்த மாடுகள் சிலவற்றின் தொண்டைச் சதையில் கிருமி சத்தமில்லாமல் இருக்கும். உடம்பு தளரும்போது அது வெளியே வந்து மற்ற மாட்டுக்குப் பரவும். ஊசி போட்டு எதிர்ப்புச் சக்தி பிடிக்க இரண்டு மூன்று கிழமை வேண்டும். எனவே ஆவணி கடக்க விடக்கூடாது. முதல் மாடு விழுந்த பிறகு ஊசி தேடி ஓடுவது வெள்ளம் வந்த பிறகு அணை கட்டுகிற வேலை. அந்த நேரத்தில் செய்ய வேண்டியது, வைத்தியரை அழைத்துக் காய்ச்சல் கண்ட மாடுகளுக்கு அன்டிபயோடிக் ஏற்றுவது. அதுவும் தொண்டை வீங்கி, மூச்சு குறட்டை போல இழுக்கத் தொடங்குமுன். வீங்கிய பின் பிழைப்பது அரிது. மாட்டைவிட எருமைக்கு இந்த நோயைத் தாங்கும் சக்தி குறைவு. இரவு மேய்ந்தது விடிய ஒழுகும் வாயோடு கிடக்கும். அதிகம் போவது ஆறு மாதத்துக்கும் இரண்டு வயதுக்கும் இடைப்பட்ட கண்டுகள். தயிருக்காகக் கறவை எருமைக்கு மட்டும் ஊசி போட்டுக் கண்டுகளை விடுகிற சிக்கனம் கிண்ணியா, தோப்பூர்ப் பக்கம் உண்டு. அது நேர் எதிர்க் கணக்கு. கண்டுக்கு முதல் ஊசியின் பின் இன்னொரு ஊசி எப்போது என்பதை வைத்தியரிடம் கேட்டுக் குறித்துவையுங்கள்.

நிறைமாதச் சினை மாட்டை இழுத்து விழுத்திக் கட்டாதீர்கள். கருவுக்குப் பயம் மருந்தால் அல்ல, அந்தப் போராட்டத்தால். விடிய வெயில் ஏறுமுன் முடியுங்கள். ஊசி போட்டு அரை மணித்தியாலம் பட்டியை விட்டுப் போகாதீர்கள். எப்போதாவது ஒரு மாடு ஊசி ஒத்துக்கொள்ளாமல் நடுங்கி, மூச்சு முட்டி விழும், வைத்தியரிடம் அட்ரினலின் இருக்க வேண்டும்.

மதிப்பெண் கேட்டால் மருந்துக்குப் பத்துக்கு எட்டு. குறைத்த இரண்டில் ஒன்று அந்தத் தடிப்புக்கு, மற்றது குளிருக்கு. கையில் கிடைக்கும் தமிழ் விளக்கத்தாள்களுக்கு மூன்றுதான். ஒன்றில் அடைப்பான், இன்னொன்றில் கோமாரி, மூன்றாவதில் ஆங்கில எழுத்து இரண்டு. தொண்டை வீக்கம், வாய்ப் புண், தோல் கழலை என்று கண்ணுக்குத் தெரிவதைப் போட்டிருந்தால் அந்த ஃபோன் கேள்விக்கே இடமிராது. ஊசி போட்ட திகதியோடு நோயின் பெயரையும் வைத்தியரைக் கொண்டு தமிழில் எழுதுவித்து வாங்குங்கள். அடுத்த வருடம் வேறு ஆள் வந்தாலும் தெரியும்.

மாடு உதறி ஊசி தன் கையில் ஏறிவிட்டால் மருந்து துளியாய் இருந்தாலும் அலட்சியம் வேண்டாம். எண்ணெய் விரலுக்குள் நின்று இரத்த ஓட்டத்தை அடைக்கும், விரலையே எடுக்க நேரலாம். நோகவில்லை என்று நிற்காமல் உடனே ஆஸ்பத்திரிக்குப் போய், உள்ளே போனது எண்ணெய் மருந்து என்று சொல்லி, போத்தலையும் டொக்டர் கையில் கொடுங்கள்.