இரவில் மாறும் கோபுரமா, ஏறுபவரால் மாறும் கோபுரமா?

வேலூர்க் கோட்டை அகழியோரம் அமர்ந்து, நானும் தங்கையும் எங்கள் கற்பனை உலகுக்கு ஒரு கோபுரம் கட்டிக்கொண்டிருக்கிறோம்.

அவளுடையது இரவுதோறும் தானாக உருமாறும்: நேற்றைய படிக்கட்டு இன்று கிணறு. திகிலுக்குக் குறைவில்லை, ஆனால் பத்தாவது இரவில் பழகிவிடும்.

என்னுடையது ஏறுபவரின் மனத்துக்கேற்ப மாறும். பொய் சொன்னவனுக்குப் படி ஒன்று கூடும். தாயை இழந்தவளுக்கு உச்சி ஜன்னலில் விளக்கு எரியும். எழுதுவது கடினம்தான், ஆளுக்கொரு கோபுரம் வேண்டுமே. ஆனாலும் இதையே பிடித்துக்கொள்கிறேன். காரணம் கோட்டைக்குள்ளேயே இருக்கிறது. ஜலகண்டேஸ்வரர் கோயில் கருவறை நெடுங்காலம் வெறுமையாகக் கிடந்தது; 1981-இல்தான் லிங்கம் திரும்பியது. அதே கருங்கல்தான். அன்று சிற்பம் பார்க்க வந்த இடத்தில் இன்று செருப்பைக் கழற்றிவிட்டுக் கைகூப்பி நுழைகிறோம்.

அவளுடைய கோபுரத்திலிருந்து அந்தக் கிணற்றை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.